அயர்லாந்தில் வைத்த சேனை

இதை எழுதுவதா வேண்டாமா என்று பல வருடமாகத் தள்ளிப்போட்டு வந்தேன். பேனையை எடுப்பேன். கடையில் யாராவது பிளேன் டீ கேட்பார்கள். மூடி வைத்துவிடுவேன். கடுகண்ணாவையில் பிரதான வீதி ஓரம் சின்னச் சாப்பாட்டுக்கடை வைத்திருக்கிறேன். தோட்டப் பள்ளிக்கூடத்தில் எட்டாம் வகுப்போடு நின்றவன். எழுத்துப் பிழை வருமே என்ற பயம் ஒரு பக்கம். இதில் வருகிற ஒரு அம்மாவைப் பற்றிக் கூட்டாமல் குறைக்காமல் சொல்ல வருமா என்ற பயம் பெரிய பக்கம். முருகன் மேல் பாரத்தைப் போட்டுவிட்டு இன்று உட்கார்ந்திருக்கிறேன்.

எங்கள் ஆட்களிடம் தலைப்பிரசவம் தாய் வீட்டில்தான். ஏழாம் மாதம் வளையல் போட்டு, பெற்றவர்கள் போய் மகளை அழைத்து வர வேண்டும். ஒரே மகள் கோகிலா அயர்லாந்தில் ஒரு முதியோர் இல்லத்தில் நர்சாக இருந்தாள். மருமகன் ரமணன் யாழ்ப்பாணத்துப் பிள்ளை. அங்கே காளான் வளர்க்கிற பண்ணையில் வேலை. இரண்டு பேருக்கும் வருடத்துக்கு வருடம் புதுப்பிக்கிற வேலை அனுமதிதான்.

போயிருக்க வேண்டியவள் என் மனைவி பாக்கியம். அவளுக்கு இருதயம் பலவீனம். கண்டிப் பெரியாஸ்பத்திரிப் படி ஏறவே இரண்டு இடத்தில் நின்று மூச்சு வாங்குவாள். ஆகையால் நான் போனேன். புறப்படும்போது பையில் வளையல் டப்பா, பிள்ளை பெற்றவளுக்குக் கொடுக்கிற காயச் சரக்கு, ஒரு துண்டு கருப்பட்டி எல்லாம் வைத்துவிட்டுச் சொன்னாள்.

"நா கண்ண மூடுறதுக்குள்ள எம்மக இந்த வீட்டுல பிள்ள பெறணும். தனியா வந்து நின்னீங்கன்னா வாசப்படி ஏறாதீங்க."

விளையாட்டாகச் சொன்னது போலத்தான் இருந்தது. அவள் முகம் விளையாட்டாக இல்லை.

அங்கே இறங்கியதும் சுங்கத்தில் பையைத் திறந்தார்கள். சீருடை போட்ட ஒரு பிள்ளை காயச் சரக்குப் பொட்டலத்தை மூக்கருகே கொண்டுபோய்த் தொடர்ந்து தும்மினான். சுக்கும் மிளகும் திப்பிலியும் அவனுக்கு என்ன தெரியும். பிரசவ மருந்து என்று நான் வயிற்றைத் தடவிக் காட்டினேன். என் வயிற்றைப் பார்த்துவிட்டுச் சிரித்துப் போகச் சொன்னான்.

ரமணன் வந்து கூட்டிப்போனார். பஸ் போகிற வழியெல்லாம் விளக்குக் கம்பங்களில் படங்கள் தொங்கின. கண்டி டவுனில் தேர்தல் காலத்தில் சுவரெல்லாம் ஒட்டுவார்களே, அந்த மாதிரி. சிலதில் முகம் இருந்தது. சிலதில் முகமே இல்லை, பெரிய எழுத்து மட்டும். என்ன என்று கேட்டேன்.

"ஒண்டு ஓம் எண்டு, மற்றது இல்லை எண்டு, மாமா. இஞ்ச பிறக்கிற எந்தப் பிள்ளையும் இந்த நாட்டுப் பிள்ளை எண்டு அரசியல் சட்டத்தில கிடக்கு. இந்த நாட்டின்ர வடக்கில சண்டை முடிஞ்சு சமாதானம் வந்த நேரம் எழுதினது. இப்ப வெளிநாட்டு ஆக்களின்ர பிள்ளையளுக்கு அதை எடுக்கிறதோ விடுறதோ எண்டு சனத்தைக் கேக்கினம். ஓம் எண்டால் எடுபடும். வாற வெள்ளிக்கிழமை வோட்டு."

பஸ் நன்றாக ஓடியது, ரோட்டில் ஒரு குழி இல்லை. நான் விரல் விட்டு மாதங்களை எண்ணினேன். பிள்ளை அங்கே பிறந்தால் அந்த நாட்டுப் பிள்ளை. நான் கூட்டிக்கொண்டு வந்து கடுகண்ணாவையில் பிறந்தால் இல்லை. பாக்கியமும் நானும் இதை யோசிக்கவே இல்லை. எந்த மாதம், எந்த நட்சத்திரம் என்றுதான் பார்த்தோம்.

மகள் குடியிருந்தது ஒரு சின்ன டவுனில், நோரா என்ற விதவை அம்மாவின் வீட்டு மாடியில். எழுபது வயதிருக்கும். வந்த அன்றே கீழே கூப்பிட்டுக் கதிரையை இழுத்துப் போட்டு டீ கொடுத்தார். கறுகறுவென்று சாயம் இறங்கிய டீ, பால் ஊற்றியது. எங்கள் மலைத் தூள்தான், நாக்கு பொய் சொல்லாது. சோடாமா போட்டுச் சுட்ட பாண் ரொட்டி. பிறகு உருளைக்கிழங்கு. அவித்தது, மசித்தது, வறுத்தது என்று ஒரே தட்டில் மூன்றும் இருந்தது. சொதி ஊற்றினால் சொர்க்கம் என்றேன். கோகிலா அதை மொழிபெயர்க்கவில்லை.

அந்தக் கிழங்குதான் ஒரு காலத்தில் அழுகிப்போய், சனம் ஊர் ஊராகச் செத்ததாம் என்றார் நோரா அம்மா. மிஞ்சியவர்கள் கப்பல் ஏறினார்களாம். கோதுமை மட்டும் அந்த நேரத்திலும் இங்கிலாந்துக்கு ஏற்றுமதியானதாம். அப்போது நாட்டை ஆண்டது இங்கிலாந்துக்காரன். எனக்குக் கொஞ்ச நேரம் விளங்கவில்லை. வெள்ளைக்காரனை வெள்ளைக்காரன் ஆண்டானா என்று கேட்டேன். நோரா அம்மா வாய்விட்டுச் சிரித்தார். "எழுநூறு வருசம்னு சொல்றாங்க, அப்பா" என்றாள் கோகிலா. எங்கள் பாட்டன்மாரும் பஞ்சத்தில்தான் கடல் தாண்டி, மாத்தளை வழியாகக் காட்டில் நடந்து கண்டிச் சீமைக் கோப்பித் தோட்டத்துக்கு வந்தவர்கள் என்று சொன்னேன். அவர் எழுந்து எனக்கு இன்னும் ஒரு கரண்டி கிழங்கு வைத்தார்.

ஞாயிற்றுக்கிழமை கோகிலாவும் நானும் அவரோடு சர்ச்சுக்குப் போனோம். எனக்கு அதில் வித்தியாசம் கிடையாது. விளக்கு எரிகிற இடத்தில் சாமி இருக்கும். பாக்கியத்தின் பேரைச் சொல்லி ஒரு மெழுகுதிரி ஏற்றினேன். வெளியே வரும்போது நோரா அம்மா இரண்டு பெஞ்சுகளைக் காட்டினார். இடது பக்கம் அவருடைய தகப்பனார் உட்காருவது. வலது பக்கம் சித்தப்பா. ஒரே வயிற்றுப் பிள்ளைகள் சாகிறவரை அப்படித்தான் உட்கார்ந்தார்களாம், ஒரு வார்த்தை பேசாமல்.

சேர்ந்து சண்டை போட்டு இங்கிலாந்துக்காரனை ஒப்பந்தத்துக்குக் கொண்டு வந்தவர்கள்தான் இருவரும். ஒப்பந்தத்தில் நாட்டின் வடக்கு மூலை வெட்டுப்பட்டு அவனிடமே நின்றது. மீதியை ஆளலாம், ஆனால் ராஜாவுக்கு விசுவாசமாக இருப்பேன் என்று சத்தியம் பண்ண வேண்டும். கிடைத்ததை எடுத்துக்கொண்டு மேலே போவோம் என்றார் அண்ணன், புது அரசாங்கத்துப் பட்டாளத்தில் சேர்ந்தார். அந்தச் சத்தியத்தைச் சொல்ல மாட்டேன் என்றார் தம்பி, அதே அரசாங்கம் அவரை மறியலில் பூட்டி வைத்தது. அவருடைய கூட்டாளிகளை மதிலில் நிறுத்திச் சுட்டது. "வெளியாள் போனதும் மொத வேலையா ஒருத்தர ஒருத்தர் சுட்டோம்ங்கிறாங்க" என்று கோகிலா மெதுவாகச் சொன்னாள்.

எங்களையும் ஒரு ஒப்பந்தம் பிரித்தது. இந்தியாவும் இலங்கையும் பேசி, இத்தனை பேர் உனக்கு, இத்தனை பேர் எனக்கு என்று பங்கு வைத்தார்கள். என் அண்ணன் பெயர் இந்தியாவுக்கு விழுந்தது. தோட்டத்துச் சனத்தை ஏற்றிக்கொண்டு மன்னாருக்குப் போகிற கோச்சி கடுகண்ணாவை ஸ்டேஷனில் கொஞ்சம் நிற்கும். பாக்கியமும் நானும் சோற்றுப் பொட்டலத்தை ஜன்னல் வழியாகக் கொடுத்தோம். அண்ணன் அதை வாங்கி மடியில் வைத்துக்கொண்டு பிரிக்காமலே உட்கார்ந்திருந்தார். அப்புறம் அவரை நான் பார்க்கவில்லை. இதை நோரா அம்மாவுக்குச் சொன்னேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு நடந்தார்.

செவ்வாய்க்கிழமை ஒரு கூத்து நடந்தது. வளைகாப்புக்கு வெற்றிலை தேடிப் பக்கத்து டவுனுக்குத் தனியாகப் பஸ்ஸில் போனேன். ஜன்னல் ஓரம் வெயில் பட்டதும் தூங்கிவிட்டேன். முழித்தால் ரோட்டோரக் கோடு மஞ்சளாக இருந்தது வெள்ளையாகியிருக்கிறது. கடைப் பலகைகளில் வேறு காசுக் குறி. அடுத்த கதிரைக்காரரிடம் எனக்குத் தெரிந்த அரைகுறை இங்கிலீசில் கேட்டேன். வடக்குக்கு வந்துவிட்டீர்கள், இது இங்கிலாந்து ராணியின் பக்கம் என்றார். என் விசா தெற்குக்கு மட்டும்.

எழுந்து சாரதிக்குப் பக்கத்தில் போய்ப் பாஸ்போட்டையும் அடையாள அட்டையையும் இரண்டு கையாலும் முன்னால் நீட்டிக்கொண்டு நின்றேன். பேராதனைப் பாலத்துச் செக் பொயின்டில் அப்படித்தான் நிற்போம். தமிழ்ப் பெயர் என்றால் பஸ்ஸை விட்டு இறங்க வேண்டும், எல்லாரும் பார்க்க வரிசையில் நிற்க வேண்டும். சாரதி கண்ணாடியில் பார்த்துவிட்டு, உட்காருங்கள் ஐயா, விழுந்துவிடுவீர்கள் என்றார். திரும்புகிற பஸ்ஸில் அவரே ஏற்றிவிட்டார். முன்பு இந்த ரோட்டில் இங்கிலாந்துப் பட்டாளக்காரன் கோபுரம் கட்டி இருந்தானாம். பக்கத்துக் கிராமத்துக்குப் போகிற ரோடுகளைக் குண்டு வைத்துத் தகர்த்து மூடியிருந்தானாம். அவர் தம்பி ஒரு செக் பொயின்டில்தான் செத்தானாம். யார் சுட்டது என்று நான் கேட்கவில்லை. அவரும் சொல்லவில்லை.

வெற்றிலை கிடைக்கவில்லை.

வெள்ளிக்கிழமை வோட்டுக்கு நோரா அம்மா, கோகிலா, நான் மூன்று பேரும் நடந்து போனோம். பள்ளிக்கூடத்தில்தான் அங்கேயும் வைக்கிறார்கள். அதே சோக்கட்டி வாசம், அதே சின்னக் கதிரைகள். விரலில் மை பூசவில்லை, அது ஒன்றுதான் குறை. ஊர்ச் சபைக்கு அங்கே குடியிருக்கிற யாரும் போடலாமாம். ஆகையால் கோகிலாவுக்கு ஒரு சீட்டுக் கொடுத்தார்கள். நோரா அம்மாவுக்கு அதோடு வேறு சீட்டுகளும் கொடுத்தார்கள். என் மகள் வயிற்றில் இருந்த பிள்ளையைப் பற்றிய சீட்டு நோரா அம்மா கையில் இருந்தது. மகளிடம் இல்லை.

வாசலில் நின்று நான் அப்பாவை நினைத்தேன். சுதந்திரத்துக்கு முந்தின தேர்தலில் அவர் தோட்டத்திலிருந்து வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு போய் வோட்டுப் போட்டவர். சுதந்திரம் வந்தது, அடுத்த வருடத்துக்குள் அவர் பிரஜை இல்லை என்றார்கள். அப்பாவின் அப்பா எங்கே பிறந்தார் என்று நிரூபிக்கச் சொன்னார்கள். தோட்டத்து லய வீட்டில் பிறந்தவனுக்கு யார் பதிந்து வைத்தது. அந்த வேட்டி பிறகு வோட்டுக்குப் போகவில்லை. அம்மா அந்தானை மலைக்குக் கீழே பிறந்து, அந்த மலையைத் தாண்டாமலே வாழ்ந்து, எந்த நாட்டுக்கும் சேராதவளாகவே எரிந்துபோனாள். எனக்குப் பிரஜாவுரிமை வந்தபோது வயது நாற்பதை நெருங்கிவிட்டது.

எங்களை நீக்கியது கொழும்பில் சபையில் இருந்தவர்கள். எங்கள் பக்கத்துச் சிங்கள வீட்டுக்காரர்களை யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் வேண்டாம் என்றிருப்பார்கள் என்று நினைத்தே நான் காலம் தள்ளினேன். அயர்லாந்தில் அப்படியில்லை. அரசியல் சட்டத்தில் ஒரு வரியைத் தொட வேண்டுமென்றாலும் சனம் ஒவ்வொருவராக வந்து கையால் எழுத வேண்டும். நோரா அம்மாவுக்கு அதில் அவ்வளவு பெருமை. தங்கள் சட்டம் தங்கள் கையில் என்று இரண்டு தரம் சொன்னார்.

திரும்பி வரும்போது நான் கேட்டுவிட்டேன். கேட்கக்கூடாத கேள்விதான். பிள்ளை வோட்டில் என்ன போட்டீர்கள் என்று கேள் என்றேன். கோகிலா வேண்டாம் அப்பா என்றாள். நான் நின்ற இடத்தை விட்டு அசையவில்லை. கேட்டாள். நோரா அம்மா பதில் சொல்லச் சொல்ல என் மகளின் முகம் வெளுத்தது. ஆனால் ஒன்றையும் மறைக்காமல் சொன்னாள்.

"ஆமான்னுதான் போட்டாங்களாம், அப்பா. உங்ககிட்ட பொய் சொல்ல மாட்டாங்களாம். எம்பிள்ளைக்காக இல்லையாம், இனிமே வரப்போறவங்களுக்காகவாம். நாடு சின்னதாம். இதக் கையில வாங்க அவங்க குடும்பமே ரெண்டாப் போச்சாம். அதக் கண்டவங்களுக்கெல்லாம் குடுத்துற முடியாதாம்."

"இனிமே வரப்போறவங்க யாருன்னு கேளு."

கோகிலா கேட்கவில்லை. ரோட்டைக் கடக்க வேண்டியிருந்தது. நோரா அம்மா ஒரு கையை நீட்டிக் கார்களை நிறுத்தி, மறு கையால் என் மகளின் முழங்கையைப் பிடித்துப் பத்திரமாக அந்தப் பக்கம் கொண்டுபோய்ச் சேர்த்தார். நான் பின்னால் நடந்தேன். எங்கள் அப்பாவையும் அந்தக் காலத்தில் யாரோ நல்ல மனிதர் ஒருவர் இப்படித்தான் நினைத்திருப்பார் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தோன்றியது. அதுவரை கெட்டவர்கள் செய்தது என்றே நினைத்திருந்தேன். அப்படி நினைத்திருந்தது எவ்வளவு லேசாக இருந்தது.

சனிக்கிழமை ரேடியோவில் சொன்னார்கள். ஆம் என்பது பெரும் வித்தியாசத்தில் வென்றது. கீழே நோரா அம்மா ரேடியோவை நிறுத்துவது கேட்டது. சந்தோஷச் சத்தம் எதுவும் வரவில்லை.

ரமணன் பண்ணையிலிருந்து வந்து கை கழுவாமலே உட்கார்ந்தார். சட்டம் எப்போதிலிருந்து நடைமுறைக்கு வரும் என்று யாருக்கும் சரியாகத் தெரியவில்லை. "வருசக் கடைசி மட்டும் பழசுதான் எண்டு பண்ணையில கதைக்கினம், மாமா. பிள்ளை ஆவணியில. இஞ்ச பிறந்தா கிடைக்கும். அங்க கொண்டுபோனா..." என்று நிறுத்திக்கொண்டார். மாமியார் நோயாளி என்று தெரிந்த பிள்ளை.

கோகிலா என்னைப் பார்த்தாள். "அம்மாவ நெனச்சா போகணும்னு இருக்கு. அப்பாயிய நெனச்சா இருக்கணும்னு இருக்கு. நீங்களே சொல்லுங்கப்பா."

அப்பாயி என்றது என் அம்மாவை. எந்த நாட்டுக்கும் சேராமல் போனவளை.

காலையில் குளித்துத் திருநீறு பூசி, பிரிஜ்ஜுக்கு மேலே வைத்திருந்த முருகன் படத்துக்கு முன்னால் இரண்டு பொட்டலம் கட்டினேன். ஒன்றில் வெள்ளைப் பூ, ஒன்றில் சிவப்புப் பூ, நோரா அம்மாவின் தோட்டத்துப் பூக்கள். வெள்ளை வந்தால் கூட்டிப்போவது, சிவப்பு வந்தால் விட்டுப்போவது. குலுக்கிப் போட்டுவிட்டுக் கையை நீட்டினேன். பிறகு எடுக்கவில்லை. பாக்கியத்துக்கு முன்னால் நின்று சாமி சொல்லிவிட்டது என்று நான் தப்பித்துக்கொள்ள முடியும். சாமியை அதற்கு இழுக்கக்கூடாது என்று பட்டது. இரண்டையும் பிரித்துப் பூக்களை ஒன்றாகவே படத்துக்குச் சாத்தினேன்.

"நீ இங்கேயே பெத்துக்க" என்று மகளிடம் சொன்னேன்.

வளைகாப்பை நோரா அம்மா சமைக்கிற குசினியிலேயே வைத்தோம். அவரும் இரண்டு வளையல் போட்டுவிட்டார். முடிந்ததும் கோகிலா மெதுவாகக் கேட்டாள். "அம்மா இல்லாம சேனை யாருப்பா வைக்கிறது?"

தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். பிறந்த பிள்ளையின் நாக்கில் முதன்முதல் இனிப்புத் தொட்டு வைப்பதுதான் சேனை. வைக்கிறவரின் குணம் பிள்ளைக்கு வரும் என்பது எங்கள் நம்பிக்கை. அதனால் யாரை வைக்கச் சொல்வது என்று பெரிய ஆலோசனையே நடக்கும். பாக்கியம் அதைத் தன் உரிமையாக வைத்திருந்தாள். அந்தக் கருப்பட்டி அதற்குத்தான். ரமணனின் அம்மா யாழ்ப்பாணத்தில். அந்த ஊரில் மகளுக்கென்று இருந்த ஒரே மூத்த பெண், ஆம் என்று எழுதிவிட்டு வந்தவர்.

நோரா அம்மா மேசையைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"அவங்களையே வைக்கச் சொல்லு" என்றேன். "கேட்டப்ப பொய் சொல்லல இல்ல?"

கருப்பட்டியையும் காயச் சரக்கையும் நோரா அம்மா இரண்டு கையாலும் வாங்கி அலுமாரியின் மேல்தட்டில் வைத்தார்.

போனில் பாக்கியத்திடம் சொன்னேன். அந்தப் பக்கம் ரோட்டில் லொறி போகிற ஓசை மட்டும் கேட்டது. அப்புறம், "அங்க அவள யாரு பாப்பா?" என்று கேட்டாள். வீட்டுக்கார அம்மா என்றேன். வைத்துவிட்டாள்.

கடுகண்ணாவையில் நான் ஓட்டோவிலிருந்து தனியாக இறங்கியபோது அவள் வாசலில்தான் இருந்தாள். நான் வாசப்படிக்குக் கீழேயே நின்றேன். "வாங்க, சோறு ஆறுது" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள். பிள்ளைக்காக வெள்ளையடித்த அறை பூட்டியிருந்தது. தொட்டிலுக்கு எடுத்து வைத்திருந்த பழஞ்சேலையை மடித்து அலுமாரியில் வைத்துவிட்டாள். என்னைத் திட்டவே இல்லை. திட்டியிருக்கலாம்.

ஆவணியில் பேத்தி பிறந்தாள். அந்த நாட்டுப் பிள்ளையாகப் பிறந்தாள். ரமணன் போனைப் பிடிக்க, பாக்கியம் கேட்ட முதல் கேள்வி சேனை யார் வைத்தது என்பதுதான். நோரா அம்மா என்றார்கள். என் பக்கம் திரும்பினாள்.

"நல்ல மனுசியாங்க?"

"நல்ல மனுசிதான்" என்றேன்.

"அப்ப சரி."

நான் சொன்னது உண்மை. முழு உண்மையை அவளிடம் சொல்லவில்லை. மருமகனுக்கு லீவு கிடைத்து அவர்கள் வருவதற்குள், அடுத்த தை மாதம், பாக்கியம் போய்விட்டாள். பேத்தியின் போட்டோவைத் தலைமாட்டில் வைத்திருந்தாள். பேத்தியைக் கையில் தூக்கிப் பார்க்கவில்லை. கொள்ளி வைத்துவிட்டு வந்து அந்த அறையை நான்தான் திறந்தேன்.

சொந்தக்காரர்கள் ஆளுக்கொரு மாதிரிக் கதைத்தார்கள். ஒரு காகிதத்துக்காக மனைவியைச் சாகவிட்டவன் என்றார்கள் சிலர். வெள்ளைக்கார அம்மா தெய்வம் மாதிரி என்றார்கள் சிலர். அவர் எப்படி வோட்டுப் போட்டார் என்று தெரிந்த ரமணனின் ஆட்கள் வேறு மாதிரிப் பேசினார்கள். நோரா அம்மா இருக்கிறவரை எழுத எனக்கு மனம் வரவில்லை. அவர் போன வருடம் காலமானார். அவருடைய பெட்டிக்கு முன்னால் நடந்தவர்களில் என் பேத்தியும் ஒருத்தி.

பேத்திக்கு இப்போது வோட்டு வந்துவிட்டது. முதல் தரம் போடப்போகிறாள். அந்த நாட்டில் இன்றைக்கும் யாரை உள்ளே விடுவது, யாரைத் தள்ளுவது என்றுதான் பேச்சாம். போனில் என்னிடம் கேட்டாள், "தாத்தா, எனக்குச் சேனை வெச்சது நோரா நானாதானே? அவங்க குணம் எனக்கு இருக்கா?" நானா என்றால் அங்கே பாட்டி. தமிழ் கொஞ்சம் உடைந்து வரும். இருக்கிறது என்றேன். என்ன குணம் என்று கேட்டாள். எழுதி அனுப்புகிறேன் என்று வைத்துவிட்டேன்.

இதுதான் அது. கோகிலா அவளுக்கு வாசித்துக் காட்டட்டும். வேறு யாருக்காவது சொல்ல விரும்புகிறவர்களும் சொல்லுங்கள், எனக்குச் சந்தோஷம். ஒன்றை மட்டும் கும்பிட்டுக் கேட்கிறேன். நோரா அம்மா போட்ட வோட்டை எடுத்துவிட்டுச் சொல்லாதீர்கள். அவர் வைத்த சேனையை எடுத்துவிட்டும் சொல்லாதீர்கள். இரண்டையும் செய்தது ஒரே கை. அப்படியே சொல்லுங்கள்.